ஒரு லோடு டைல்ஸ் இறக்க ஹைகோர்ட் வரை போனோம்

குஜராத் மோர்பியிலிருந்து ஆறு நாள் ஓடி வந்த லாரி, எங்கள் கடை வாசலில் தார்ப்பாய்கூட அவிழ்க்காமல் இரண்டு பகல் ஒரு இரவு நின்றது. 2022 பிப்ரவரி. லாரியில் 800 பெட்டி டைல்ஸ். இறக்க எங்களிடம் நான்கு ஆட்கள் இருந்தார்கள், குடோனில் இடம் இருந்தது, சரக்குக்குப் பணம் கட்டியாகிவிட்டது. ஆனாலும் ஒரு பெட்டியைக்கூடத் தொட முடியவில்லை. லாரியின் பின்பக்கம் உள்ளூர்ச் சுமைத் தொழிலாளர் சங்கத்து ஆட்கள் ஏழெட்டுப் பேர் நின்றுகொண்டு, இறக்கினால் நாங்கள்தான் இறக்குவோம், இல்லை உங்கள் ஆட்கள்தான் இறக்க வேண்டும் என்றால் எங்கள் கூலியை எடுத்து வைத்துவிட்டு இறக்கிக்கொள்ளுங்கள் என்றார்கள்.

அந்த இரண்டாவது கோரிக்கைக்குத்தான் கேரளத்தில் நோக்குகூலி என்று பெயர். வேலையைச் செய்யாமல் பார்த்துக்கொண்டு நிற்பதற்குக் கூலி.

அப்பா பொள்ளாச்சிக்காரர். கடை பாலக்காடு மாவட்டத்தில், தமிழும் மலையாளமும் ஒரே வாக்கியத்தில் கலந்து வரும் ஒரு சின்ன ஊரில் இருக்கிறது. அந்த லாரி வந்தபோதே பத்தொன்பது வருடமாக அங்கே டைல்ஸ், கிரானைட், சிமென்ட் வியாபாரம். கணக்கு வழக்கு பார்ப்பது நான். ஊரின் பெயரையும் சங்கத்தின் பெயரையும் இங்கே எழுதப்போவதில்லை. எங்கள் கடை இன்னும் அங்கேதான் இருக்கிறது, அந்த ஆட்களும் அங்கேதான் இருக்கிறார்கள், தினமும் முகத்தைப் பார்த்துக்கொள்கிறோம். ஆனால் நடந்ததை எழுத வேண்டும் என்று ரொம்ப நாளாக நினைத்துக்கொண்டிருந்தேன். கடை வைத்திருக்கும் தெரிந்தவர்கள் யாராவது மாதம் ஒருமுறையாவது, "ஹைகோர்ட்டுல போலீஸ் பாதுகாப்பு வாங்குனீங்களாமே, எப்படி?" என்று போன் செய்கிறார்கள். போனில் சொல்லி முடிக்கிற விஷயம் இல்லை அது.

அந்தப் பிப்ரவரிக்கு முன்னால் பத்தொன்பது வருடம் எப்படி ஓடியது என்றால், எழுதப்படாத ஓர் ஏற்பாட்டில் ஓடியது. சிமென்ட் மூட்டை வந்தால் சங்கத்து ஆட்கள் இறக்குவார்கள், டைல்ஸும் கிரானைட்டும் எங்கள் ஆட்கள் இறக்குவார்கள். டைல்ஸ் பெட்டி ஒன்று முப்பது கிலோவை ஒட்டி வரும். ஆனால் எடை பெரிய பிரச்சினை இல்லை. மூலை தட்டிவிட்டால் அந்தப் பெட்டியை யாருக்கும் விற்க முடியாது, அதனால் பழகின கை வேண்டும். எங்கள் ஆட்களில் இரண்டு பேர் பொள்ளாச்சிப் பக்கம், இரண்டு பேர் உள்ளூர். 2021 கடைசியில் கடையைப் பெரிதாக்கினோம், மாதத்துக்கு ஒன்றாக வந்த லோடு மூன்றானது, அப்புறம்தான் டைல்ஸும் எங்களுக்கே என்று கேட்க ஆரம்பித்தார்கள்.

அந்தப் பிப்ரவரி லோடுக்கு இரண்டாம் நாள் சாயங்காலம் அப்பா 6,000 ரூபாய் கொடுத்துவிட்டார். லாரிக்கு ஹால்டிங், அதாவது காத்திருப்புக் கட்டணம், ஏறிக்கொண்டே இருந்தது, டிரைவர் எங்கள் வீட்டில் சாப்பிட்டுவிட்டு வாசலிலேயே படுத்திருந்தார், பார்க்கவே சங்கடமாக இருந்தது. "குடுத்து அனுப்பிரலாம் கண்ணு, நமக்கு எதுக்கு" என்றார் அப்பா. நானும் சரி என்றுதான் சொன்னேன்.

ஏப்ரலில் அடுத்த பெரிய லோடு வந்தபோது 9,000 கேட்டார்கள். அப்பா முடியாது என்றார். அன்று ராத்திரி கடை பூட்டும் நேரத்தில் அவர்களில் ஒருவர் வந்து, குரலை உயர்த்தாமல், "அண்ணாச்சி, கடை முன்னாடி முழுக்கக் கண்ணாடிதானே, ராத்திரி காவலுக்கு ஆராக்கும்?" என்று கேட்டுவிட்டுப் போனார். அவ்வளவுதான். ஆனால் அதற்கப்புறம் ஒரு வாரம் அப்பா கடையிலேயே படுத்தார், அறுபத்து நாலு வயதில், ஷோரூம் தரையில் பாய் விரித்து. அதைப் பார்த்த பிறகுதான் இதைச் சட்டப்படி பார்த்தே ஆக வேண்டும் என்று முடிவு செய்தேன்.

முதலில் போலீஸ் ஸ்டேஷன். எஸ்.எச்.ஓ., அதாவது ஸ்டேஷன் பொறுப்பு அதிகாரி, இரண்டு தரப்பையும் கூப்பிட்டு உட்கார வைத்தார். மரியாதையாகத்தான் பேசினார். ஆனால் இது தொழில் தகராறு, லேபர் ஆபீஸில் பேசி முடித்துக்கொள்ளுங்கள் என்று அனுப்பிவிட்டார், எஃப்.ஐ.ஆர். போடவில்லை. புகார் கொடுத்ததற்கு ரசீது மட்டும் கேட்டு வாங்கிக்கொண்டேன். அந்தச் சின்னத் தாள் பிறகு எவ்வளவு பெரிய விஷயமானது என்று கீழே சொல்கிறேன். அங்கே எஸ்.பி.க்கு மாவட்டப் போலீஸ் தலைவர் என்று பெயர். அவருக்கும் அதே புகாரைப் பதிவுத் தபாலில், ஒப்புகை அட்டையோடு அனுப்பினேன்.

அப்புறம் எர்ணாகுளத்தில் ஒரு வக்கீலைப் பார்த்தோம். பாலக்காட்டுக்காரர், தமிழ் நன்றாகப் பேசுவார். நானும் அப்பாவும் மிரட்டல், கண்ணாடி, லாரி நின்றது என்று ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டே போக, அவர் எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டுவிட்டு ஒரே கேள்வி கேட்டார்: "உங்க ஆளுங்க நாலு பேருக்கும் 26ஏ கார்டு இருக்கா?"

இல்லை. அப்படி ஒன்று இருப்பதே எங்களுக்குத் தெரியாது.

இந்த இடத்தைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும், ஏனென்றால் முழு விஷயமும் இதில்தான் இருக்கிறது. கேரளத்தில் 1978ஆம் வருடத்துச் சுமட்டுத் தொழிலாளர் சட்டம் என்று ஒன்று உண்டு. சுமை தூக்குகிறவர்களைப் பதிவு செய்து, கூலியை ஒழுங்குபடுத்தி, நல வாரியம் வைத்து நடத்துகிற சட்டம். அதன் விதிகளில் 26ஏ என்பது பதிவு சம்பந்தப்பட்டது. உதவித் தொழிலாளர் அலுவலர் பதிவு செய்து அட்டை கொடுப்பார். வாரியத்தின் திட்டம் அமலில் இருக்கிற பகுதியில் அட்டை இல்லாத ஆள் சுமை இறக்கினால் சட்டம் நம் பக்கம் நிற்காது. ஒரு கடை தன் சொந்த ஆட்களை வைத்து இறக்க வேண்டுமென்றால் அந்த ஆட்களைத் தன் பெயரில் பதிவு செய்திருக்க வேண்டும். அதாவது சங்கத்து ஆட்கள் கேட்ட நோக்குகூலி அநியாயம்தான், ஆனால் எங்கள் ஆட்களுக்கு அட்டை இல்லாததும் தவறுதான். இரண்டும் ஒரே நேரத்தில் உண்மை.

"உங்களுக்கு எவ்வளவு பயம்னு ஜட்ஜ் கேக்க மாட்டார்மா, கார்டு இருக்கான்னுதான் கேப்பார். இப்பவே கேஸ் போட்டா, போய்க் கார்டு வாங்கிட்டு வாங்கன்னு அனுப்பிடுவாங்க. வாங்கிட்டே போலாம்" என்றார் வக்கீல். கேஸ் போட்டால் ஃபீஸ் வரும் என்று அவசரப்படுத்தாமல், ஐந்து மாதம் காத்திருக்கச் சொன்ன அவருக்கு நாங்கள் இன்றும் நன்றியோடு இருக்கிறோம்.

ஐந்து மாதம் லேசாகப் போகவில்லை. நான்கு பேருக்கும் விண்ணப்பம் கொடுத்தோம். சங்கம் ஆட்சேபித்தது. லேபர் ஆபீஸில் விசாரணை நடந்தது. இவர்கள் நிஜமாகவே உங்கள் கடையில் வேலை செய்கிறவர்களா, லோடுக்காகக் கூட்டி வந்தவர்களா என்று கேட்டார்கள். நியாயமான கேள்வி. சம்பளப் பதிவேடு, வருகைப் பதிவேடு, பேங்க் வழியாகச் சம்பளம் போட்ட கணக்கு எல்லாம் காட்டினேன். 2019 முதல்தான் பேங்கில் போட்டுக்கொண்டிருந்தோம், அதற்கு முன் கையில் கொடுத்ததற்கு ஒரு நோட்டுப் புத்தகம்தான் ஆதாரம். நல்லவேளை அதை அப்பா தூக்கிப் போடவில்லை. செப்டம்பரில் நான்கு அட்டைகளும் வந்தன. இடைப்பட்ட மாதங்களில் வந்த லோடுகளைச் சங்கத்து ஆட்களையே வைத்து இறக்கினோம். ஒரு லோடில் 37 பெட்டி உடைந்தது. அதைப் பற்றி அவர்களிடம் சண்டை போடவில்லை.

அக்டோபரில் ரிட் மனு போட்டோம், அரசியல் சாசனம் 226ஆம் பிரிவின் கீழ். எதிர்த்தரப்பு யார் யார் என்றால், மாநில அரசு, மாவட்டப் போலீஸ் தலைவர், எஸ்.எச்.ஓ., அப்புறம் சங்கத்தின் உள்ளூர்ச் செயலாளர். நிறைய பேர் நினைப்பதுபோல இது மிரட்டியவர் மேல் போடும் வழக்கு இல்லை. பிரதானமாகப் போலீஸ் மேல் போடும் வழக்கு. உன் கடமையைச் செய் என்று அவர்களுக்கு உத்தரவிடச் சொல்லிக் கேட்கிறோம். கடமையைச் செய்யவில்லை என்று காட்ட வேண்டுமென்றால், முதலில் அவர்களிடம் போய்க் கேட்டிருக்க வேண்டும், கேட்டதற்கு ஆதாரம் இருக்க வேண்டும். அந்தப் புகார் ரசீதும் ஒப்புகை அட்டையும் இதற்குத்தான். ஸ்டேஷனுக்குப் போகாமல் நேராக ஹைகோர்ட் போனால் முதல் நாளே திரும்பி வர வேண்டியதுதான்.

மனுவோடு ஆதாரமாக இணைக்க, எக்ஸிபிட் பி1 என்று தொடங்கி வரிசையாகக் காகிதம்: பஞ்சாயத்து லைசென்ஸ், ஜி.எஸ்.டி. சான்றிதழ், கட்டட வாடகை ஒப்பந்தம், நான்கு அட்டைகள், புகார், ரசீது, லாரி நின்ற போட்டோ. லைசென்ஸ் விஷயத்தில் தப்பித்தோம் என்றுதான் சொல்ல வேண்டும், ஏனென்றால் அந்த வருடம் புதுப்பிக்க மறந்து ஜூலையில்தான் கட்டினோம். சட்டப்படி நடக்கிற தொழிலுக்குத்தான் பாதுகாப்பு. எந்தத் தொழிலும் செய்யும் உரிமை சாசனத்தின் 19ஆம் பிரிவில் இருக்கிறது, ஆனால் லைசென்ஸ் இல்லாத கடைக்கு அதைச் சொல்லி வாதாட எந்த வக்கீலும் தயங்குவார்.

இன்னொன்றையும் வக்கீல் எடுத்துச் சொன்னார். கட்டட உரிமையாளரோடு தகராறு, பங்காளியோடு தகராறு, பாதைத் தகராறு இதையெல்லாம் போலீஸ் பாதுகாப்பு மனுவாக மாற்றிக் கொண்டுபோகக் கூடாது. 2006இல் உச்ச நீதிமன்றம் முரளீதரன் வழக்கில் இதைத் தெளிவாகவே சொல்லியிருக்கிறது, கேரளத்திலிருந்து போன வழக்குதான் அது. யாருக்கு உரிமை என்பதே தகராறாக இருந்தால் சிவில் கோர்ட்டுக்குப் போய்த் தடையாணை வாங்க வேண்டும். அதை மீறினால் அந்தக் கோர்ட்டே போலீஸ் உதவிக்கு உத்தரவிடலாம். எனக்குப் போன் செய்கிறவர்களில் பாதிப்பேருடைய பிரச்சினை இந்த வகைதான்.

வழக்கு வந்த அன்று வக்கீல் வீடியோ லிங்க் அனுப்பினார். கடையில் என் போனை டைல்ஸ் பெட்டி மேல் சாய்த்து வைத்து அப்பாவும் நானும் பார்த்தோம். எங்கள் முறை வந்து முடிய ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை. நீதிபதி கேட்டது அட்டையைத்தான். சங்கத்து வக்கீல், இது திட்டம் அமலில் உள்ள பகுதி, காலங்காலமாக இவர்கள் செய்த வேலை, இத்தனை குடும்பங்களின் பிழைப்பு என்றார். அரசு வக்கீல், சட்டம் ஒழுங்குப் பிரச்சினை வந்தால் போலீஸ் பார்த்துக்கொள்ளும் என்றார்.

இடைக்கால உத்தரவு மூன்று பத்திதான். பதிவு பெற்ற அந்த நான்கு ஆட்களை வைத்து ஏற்றி இறக்குவதை யாரும் தடுக்காமல் எஸ்.எச்.ஓ. பார்த்துக்கொள்ள வேண்டும். நான்கு பேருக்கு மேல் ஆள் தேவைப்பட்டால் நல வாரியத்தின் கீழ் வேலை செய்கிற சுமைத் தொழிலாளர்களைத்தான் கூப்பிட வேண்டும். சங்கத்துக்கு ஏதாவது உரிமை இருப்பதாகத் தோன்றினால் தொழிலாளர் அலுவலரிடம் போகலாம், அமைதியாகப் போராடத் தடை இல்லை. படித்துவிட்டு அப்பா, "ரெண்டு பக்கமும் கேட்டுத்தான் எழுதியிருக்காங்க" என்றார்.

நவம்பரில் முதல் லோடு. உத்தரவின் நகலை எஸ்.எச்.ஓ.விடம் முன்கூட்டியே கொடுத்து, லாரி வரும் நாளையும் நேரத்தையும் எழுதிக் கொடுத்திருந்தேன். இதைச் செய்யாமல் விட்டால், பாதுகாப்புக் கேட்டே வரவில்லை என்று பிறகு சொல்ல இடம் கொடுத்ததாகிவிடும். ஜீப் வந்தது, இரண்டு போலீஸ்காரர்கள். எதிரில் டீக்கடை ஓரம் இருபது பேர் கொடி பிடித்துக் கோஷம் போட்டார்கள், அதில் அப்பாவின் பெயரும் இருந்தது. யாரும் ரோட்டைத் தாண்டவில்லை. இரண்டரை மணி நேரத்தில் இறக்கி முடித்தோம். ஆறு பெட்டி உடைசல், அதுவும் வழியில் உடைந்தது.

உத்தரவு கையில் இருந்தால் போதும் என்று நினைப்பவர்களுக்கு அடுத்த வருடம் கோட்டயத்தில் நடந்ததைச் சொல்ல வேண்டும். 2023 ஜூனில் அந்த மாவட்டத்துத் திருவார்ப்பில், சம்பளத் தகராறில் ஒரு தனியார் பஸ்ஸின் முன்னால் சி.ஐ.டி.யு. தொழிற்சங்கத்தினர் கொடி நட்டு ஓட்ட விடாமல் செய்தார்கள். உரிமையாளர் ஹைகோர்ட் போய்ப் போலீஸ் பாதுகாப்பு உத்தரவு வாங்கினார். அந்த உத்தரவோடு போய்க் கொடியை அகற்றப் போனபோது, போலீஸ் இருக்கும்போதே அடிக்கப்பட்டார். ஹைகோர்ட் தானாகவே அவமதிப்பு வழக்கு எடுத்தது. செய்தியைப் படித்த அன்று எனக்குக் கை நடுங்கியது. அது நாங்களாகவும் இருந்திருக்கலாம். நீதிமன்ற அவமதிப்புக்கு ஆறு மாதம் வரை சிறை உண்டு, அந்த வழக்கை ஒரு வருடத்துக்குள் போட வேண்டும் என்பதையெல்லாம் அதற்கப்புறம்தான் தெரிந்துகொண்டேன். ஜீப் வந்த நேரம், போன நேரம், வந்தவர்களின் பெயர் எல்லாவற்றையும் ஒவ்வொரு லோடுக்கும் எழுதி வைக்க ஆரம்பித்ததும் அப்போதுதான்.

நோக்குகூலி எவ்வளவு தூரம் போயிருக்கிறது என்பதற்கு 2021 செப்டம்பரில் திருவனந்தபுரம் தும்பாவில் நடந்ததே போதும். விக்ரம் சாராபாய் விண்வெளி மையத்துக்கு வந்த கனரக இயந்திரத்தை மறித்து 10 லட்சம் ரூபாய் கேட்டார்கள், கிரேன் வைத்து இறக்க வேண்டிய சரக்குக்கு. அரசு 2018 மே 1 முதலே நோக்குகூலி கூடாது என்று அறிவித்திருந்தும் இது நடந்தது. 2021இல் ஹைகோர்ட்டில் நீதிபதி தேவன் ராமச்சந்திரன், இது சுத்தமான பணப்பறிப்பு, அந்த வார்த்தையே கேரளத்தில் கேட்கக் கூடாது என்ற அளவுக்குக் கடுமையாகச் சொன்னார்.

இதைப் படித்துவிட்டுச் சுமட்டுத் தொழிலாளிகளே இப்படித்தான் என்று யாராவது முடிவுக்கு வந்தால் எனக்கு வருத்தமாக இருக்கும். அப்பா பதினாறு வயதில் பொள்ளாச்சிச் சந்தையில் மூட்டை தூக்கியவர். பதிவும் இல்லை, வாரியமும் இல்லை, இடுப்புப் பிடித்துக்கொண்டால் அடுத்த நாள் சோறு இல்லை. அந்தச் சட்டம் அங்கே வந்ததால் கேரளத்தில் அந்த வேலை செய்கிறவருக்கு போனஸ் உண்டு, பென்ஷன் உண்டு. ஒருவர் தூக்கும் அதிகபட்ச எடையை 75 கிலோவிலிருந்து 55 ஆகக் குறைத்ததும் அதே 2021இல்தான். ஒரு மனிதன் முதுகில் எவ்வளவு ஏற்றலாம் என்று சட்டசபையில் உட்கார்ந்து யோசித்திருக்கிறார்கள், அது நல்ல விஷயம். செய்யாத வேலைக்குக் கூலி கேட்பதுதான் அந்த நல்ல சட்டத்தின் பெயரையே கெடுக்கிறது என்று அப்பா அவர்களிடமே சொன்னார், லேபர் ஆபீஸ் விசாரணையில் வைத்து. செயலாளர் பதில் பேசவில்லை.

தமிழ்நாட்டில் கடை வைத்திருப்பவர்கள் கேட்பதற்கும் பதில் சொல்லிவிடுகிறேன். அங்கே வேறு மாதிரி வரும், மாமூல் கேட்பது, திருவிழா நன்கொடை என்று ரசீதுப் புத்தகத்தோடு வருவது, பக்கத்துக் கடைக்காரரின் ஆட்கள். வழி ஏறக்குறைய இதேதான். ஸ்டேஷனில் மனு கொடுத்து சி.எஸ்.ஆர்., அதாவது புகார் ரசீது, வாங்க வேண்டும். பணம் கேட்டு மிரட்டுவது போலீஸ் தானாகவே நடவடிக்கை எடுக்கக்கூடிய குற்றம். அப்படிப்பட்ட குற்றம் நடந்ததாகப் புகார் வந்தால் எஃப்.ஐ.ஆர். போட்டே ஆக வேண்டும் என்று 2013இல் லலிதா குமாரி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. நடக்கவில்லை என்றால் எஸ்.பி. அல்லது கமிஷனருக்குத் தபால், அப்புறம் சென்னையிலோ மதுரைக் கிளையிலோ மனு. ஆனால் அங்கே பெரும்பாலும் கிடைப்பது, மனுவைப் பரிசீலித்துச் சட்டப்படி முடிவெடுங்கள் என்ற உத்தரவு. பரிசீலித்தோம், ஒன்றுமில்லை என்று போலீஸ் முடித்துவிட்டால் மறுபடி முதலிலிருந்து. அதனால் மனுவிலேயே எந்த நாள், எந்த நேரம், என்ன பாதுகாப்பு என்று குறிப்பாகக் கேட்கும் வக்கீலாகப் பார்த்துப் போங்கள்.

எங்கள் வழக்கில் 2023இல் அந்த இடைக்கால உத்தரவையே இறுதியாக்கி முடித்தார்கள். அதற்குள் லேபர் ஆபீஸில் உட்கார்ந்து ஓர் ஏற்பாட்டுக்கும் வந்துவிட்டோம். சிமென்டும் டைல்ஸ் பசை மூட்டையும் வாரியத்து ஆட்கள், டைல்ஸும் கிரானைட்டும் எங்கள் ஆட்கள். கூலி வாரியத்தின் வழியாக, ரசீதோடு. அன்று கண்ணாடியைப் பற்றிக் கேட்டவரும் சிமென்ட் இறக்க வருகிறார். வந்தால் அப்பா டீ சொல்வார், அவர் குடிப்பார். அந்த ராத்திரியைப் பற்றி இரண்டு பேருமே பேசியதில்லை.

ஜீப் இப்போது வருவதில்லை, தேவைப்படவில்லை. ஆனால் ஸ்டேஷனில் ஆள் மாறிக்கொண்டே இருக்கிறார்கள். போன மாதம் நான்காவதாக ஓர் எஸ்.எச்.ஓ. பொறுப்பேற்றார். மறுநாள் காலை கடை திறந்ததும் அப்பா உத்தரவின் நகலையும் நான்கு அட்டைகளின் நகலையும் இந்த வருடம் கட்டிய லைசென்ஸ் ரசீதையும் ஒரு கவரில் போட்டுக்கொண்டு ஸ்டேஷனுக்குப் போய், கொடுத்ததற்குக் கையெழுத்து வாங்கிக்கொண்டு வந்தார்.